குயின்ஸ்டவுனில் ஏறிய 19 வயது ஜெரமையா பர்க்: கரைக்கு வந்த குப்பியை எவ்வளவு நம்பலாம்?

கரையோரன் (கேள்வி):

அனைவருக்கும் வணக்கம். டைட்டானிக்கில் மாண்ட ஜெரமையா பர்க் என்ற இளைஞரைப் பற்றி ஒரு கட்டுரை எழுத முயன்று வருகிறேன். அயர்லாந்தின் கார்க் மாவட்டத்தில் கிளான்மையர் பகுதியைச் சேர்ந்தவர், வயது 19. 1912 ஏப்ரல் 11 அன்று, 18 வயதான உறவுக்காரப் பெண் நோரா ஹெகார்ட்டியுடன் குயின்ஸ்டவுன் துறைமுகத்தில் மூன்றாம் வகுப்புப் பயணியாக ஏறினார். பாஸ்டனின் சார்ல்ஸ்டவுன் பகுதியில் முன்பே குடியேறியிருந்த சகோதரியிடம் போய்ச் சேர்வதுதான் நோக்கம். இருவரில் ஒருவரும் பிழைக்கவில்லை.

இத்துடன் முடிந்திருந்தால் அவர் இறந்தோர் பட்டியலில் ஒரு வரியாகவே நின்றிருப்பார். ஆனால் 1913 கோடையில், அவர் வீட்டுக்கு அருகிலேயே உள்ள டன்கெட்டில் கரையில் ஒரு சிறு குப்பி ஒதுங்கியது. "டைட்டானிக்கிலிருந்து, எல்லோருக்கும் விடை, கிளான்மையர் பர்க், கார்க்" என்ற பொருளில் எழுதப்பட்ட ஒரு துண்டுத்தாள் அதற்குள் இருந்தது. குப்பி தாம் மகனுக்குக் கொடுத்தனுப்பிய தீர்த்தக் குப்பி என்றும், கையெழுத்து மகனுடையது என்றும் தாயார் அடையாளம் கண்டதாகக் குடும்பத்தார் வழிவழியாகச் சொல்லி வந்திருக்கிறார்கள். ஏறத்தாழ நூறு ஆண்டுகள் வீட்டிலேயே இருந்த அந்தக் குப்பியும் தாளும் 2011இல் கோவ் நகரின் பாரம்பரிய மையத்துக்கு வழங்கப்பட்டன. (குயின்ஸ்டவுனின் இன்றைய பெயர்தான் கோவ்.)

எனக்கு மூன்று ஐயங்கள். தாளில் உள்ள தேதி 13 ஏப்ரல் என்றே பெரும்பாலும் படிக்கப்படுகிறது. கப்பல் பனிப்பாறையில் மோதியதோ 14ஆம் தேதி இரவு 11.40க்கு. அப்படியானால் முதல் நாளே ஓர் இளைஞர் எதற்காக எல்லோருக்கும் விடை சொல்ல வேண்டும்? இரண்டாவது, நடு அட்லாண்டிக்கில் வீசப்பட்ட ஒரு குப்பி, வீசியவரின் சொந்த ஊருக்கே வந்து சேர்வது இயற்கையில் நடக்கக்கூடியதுதானா? மூன்றாவது, இந்தக் குப்பியை ஒதுக்கிவிட்டுப் பார்த்தால், 19 வயதில் மறைந்த ஒரு மூன்றாம் வகுப்புப் பயணியின் வாழ்க்கையை எழுத எந்தெந்த ஆவணங்கள் மிஞ்சியிருக்கின்றன? கேள்விப்பட்டதைத் திரும்பச் சொல்வதைவிட, காரணம் காட்டி விளக்கினால் மிகவும் உதவியாக இருக்கும்.


நீரோட்டம்:

முதல் இரண்டு கேள்விகளையும் சேர்த்தே பார்க்க வேண்டும். குப்பி எங்கே வீசப்பட்டது என்பதைத் தேதிதான் முடிவு செய்கிறது.

முதலில் தொலைவு. கப்பல் மூழ்கிய இடத்திலிருந்து கார்க் துறைமுகத்துக்கு நேர்வழியில் சுமார் 3,300 கிலோமீட்டர். ஏப்ரல் 1912இலிருந்து அடுத்த ஆண்டுக் கோடை வரை ஏறக்குறைய பதினான்கு மாதங்கள் என்று கொண்டால், குப்பி ஒரு நாளைக்கு எட்டு கிலோமீட்டர் அளவில் நகர்ந்திருக்க வேண்டும். வளைகுடா நீரோட்டத்தின் தொடர்ச்சியாக வடகிழக்கே செல்லும் வட அட்லாண்டிக் நீரோட்டமும், அதன்மேல் ஆண்டின் பெரும்பகுதி வீசும் மேற்கு, தென்மேற்குக் காற்றும் மிதக்கும் பொருள்களை ஐரோப்பியக் கரைகளுக்குத்தான் தள்ளுகின்றன. ஆகவே ஒரு குப்பி அயர்லாந்தின் தென்கரையை இந்தக் கால அளவில் எட்டியது என்றால் அதில் வியப்பதற்கு எதுவும் இல்லை.

வியப்பு தொடங்குவது அதற்குப் பிறகுதான். டன்கெட்டில் திறந்த கடற்கரை அன்று. கிளான்மையர் வழியாக வரும் கிளாஷபாய் ஆறு லீ ஆற்றின் கழிமுகத்தோடு சேரும் இடம் அது. துறைமுகத்தின் மிக உட்புறம். வெளிக்கடலில் மிதந்து வந்த ஒரு பொருள் ரோச்சஸ் முனையருகே உள்ள குறுகிய வாயிலுக்குள் நுழைந்து, கோவ் அமைந்திருக்கும் பெரிய தீவைச் சுற்றிக்கொண்டு, இடுக்கான நீர்வழியைக் கடந்து, மஹன் ஏரி எனப்படும் அகன்ற கழிமுகப் பரப்பையும் தாண்டினால்தான் அங்கே போய்ச் சேரும். வாயிலிலிருந்து டன்கெட்டிலுக்கு நேர்கோட்டில் அளந்தாலே 15 கிலோமீட்டர். நீர்வழி அதைவிட நீளம். ஏற்றநீர் உள்ளே இழுப்பதையெல்லாம் வற்றுநீர் வெளியே தள்ளிவிடும் துறைமுகம் அது. ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் கடலைவிட இந்தப் பதினைந்து கிலோமீட்டர்தான் எனக்குப் பெரிய தடையாகத் தெரிகிறது. முடியவே முடியாது என்று சொல்லவில்லை. ஆனால் அயர்லாந்தின் நெடிய கரையில் வேறு எங்கும் ஒதுங்காமல் இந்த ஆற்றுவாய்க்கே வந்தது என்பதற்கு அசாதாரணமான தற்செயல் தேவை.

இதற்கு மாற்றாக ஒரு விளக்கம் உண்டு. டைட்டானிக் மிகப் பெரியது என்பதால் துறைமுகத்துக்குள் வரவில்லை. ரோச்சஸ் முனைக்கு வெளியே நங்கூரமிட்டு நின்றது. பயணிகளை "அயர்லாந்து", "அமெரிக்கா" என்ற இரண்டு சிறு நீராவிப் படகுகள் கரையிலிருந்து கொண்டுபோய் ஏற்றின. பிற்பகல் ஒன்றரை மணியளவில் கப்பல் புறப்பட்டது. ஊர் கண்ணுக்குத் தெரியும்போதே, விளையாட்டாகவோ மனம் கலங்கியோ, ஓர் இளைஞர் தம் பெயரை எழுதிக் குப்பியிலடைத்துக் கடலில் போட்டிருக்கலாம் அல்லவா? "எல்லோருக்கும் விடை" என்பது இறப்பவர் சொல்லும் சொல்லாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தவர்களில் பலர் மீண்டும் வீட்டைப் பார்த்ததே இல்லை. ஒருவர் புறப்படுவதற்கு முந்தைய இரவில் இழவு வீட்டைப் போல ஊரே விழித்திருந்து வழியனுப்பும் வழக்கம் அயர்லாந்தில் இருந்தது. அந்தச் சூழலில் புறப்பாட்டு நாளன்றே எழுதக்கூடிய வாசகம்தான் இது. துறைமுக வாயிலருகே போட்ட குப்பி ஏற்றநீரோடு உள்ளே போவதும், சேற்றிலோ நாணலிலோ சிக்கி ஓராண்டு கழித்து வெளிப்படுவதும் நடக்கக்கூடியவை.

இந்த விளக்கத்துக்கு ஒரே இடையூறு அந்தத் தேதி. 13 என்பது சரியானால், அன்று நண்பகலில் கப்பல் குயின்ஸ்டவுனிலிருந்து ஏறத்தாழ ஆயிரம் கடல்மைல் தள்ளிப் போயிருந்தது. கடைசி இலக்கத்தை 0 என்று படிப்பாரும் உண்டு. ஆனால் 10ஆம் தேதி அவர் கப்பலிலேயே இல்லை. அன்றுதான் அது இங்கிலாந்தின் சௌதாம்ப்டனை விட்டுக் கிளம்பியது. எப்படிப் படித்தாலும், அந்தத் தேதி அவர் ஏறிய நாளோடும் பொருந்தவில்லை, கப்பல் மூழ்கிய நாளோடும் பொருந்தவில்லை. அவசரத்தில், நாள் கணக்குத் தவறிய நிலையில் எழுதியது என்று கொள்வதே எனக்கு இயல்பாகப் படுகிறது.

ஒன்றை மட்டும் சேர்த்துச் சொல்ல வேண்டும். இதைப் போலி என்று கருதுவோருக்கு அந்தத் தேதியே எதிர்ச்சான்று. 1913இல் ஒருவர் ஏமாற்ற நினைத்து எழுதியிருந்தால், உலகமே அறிந்த 14ஐயோ 15ஐயோதான் போட்டிருப்பார்.


பட்டறிவு:

நீரோட்டம் அவர்களின் கணக்கு நன்று. கடைசிப் பத்தியின் வாதத்தை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. போலி எழுதுபவர்கள் எப்போதும் கவனமாகத்தான் எழுதுவார்கள் என்று யார் சொன்னது? பெரிய கப்பல் விபத்துகளுக்குப் பிறகு குப்பிக் கடிதங்கள் கரையொதுங்குவதும், அவற்றில் பல வேண்டுமென்றே செய்யப்பட்டவையாக இருப்பதும் கப்பல் வரலாற்றில் புதிதல்ல. அக்கம்பக்கத்தில் ஒருவருக்கு பர்க்கின் பெயரும் ஊரும் தெரிந்திருக்கும். தேதி சரியாக நினைவில் இல்லாமலும் போயிருக்கும்.

ஆகவே எல்லாமே குடும்பத்தாரின் சாட்சியத்தில் போய் நிற்கிறது: குப்பி தாயார் கொடுத்தது, எழுத்து மகனுடையது. நான் அதைப் பொய் என்று சொல்லமாட்டேன். பெற்ற தாய்க்குத் தெரியாத கையெழுத்து இல்லை. ஆனால் உடலும் கிடைக்காமல், கல்லறையும் இல்லாமல் ஓராண்டைக் கழித்த ஒரு தாயிடம் மகன் பெயரெழுதிய தாளைக் காட்டினால், நடுநிலையோடு பார்த்து "இது அவன் எழுத்தில்லை" என்று சொல்வதற்கு எவ்வளவு இடம் இருந்திருக்கும் என்பதையும் கட்டுரையாசிரியர் எண்ணிப் பார்க்க வேண்டும். "குடும்பத்தார் இவ்வாறு கூறுகின்றனர்" என்று எழுதுங்கள். அதற்குமேல் போக வேண்டாம் என்பது என் கருத்து.


ஏடு தேடி:

மூன்றாவது கேள்விக்கு வருகிறேன். இளம் வயதில் இறந்த ஏழைக் குடிபெயர்வோரைப் பற்றி எதுவுமே கிடைக்காது என்று பலர் முதலிலேயே கைவிட்டுவிடுகிறார்கள். உண்மையில் அயர்லாந்தைப் பொறுத்தவரை நல்ல வாய்ப்பு ஒன்று இருக்கிறது: 1911 ஏப்ரல் 2 அன்று எடுக்கப்பட்ட மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் வீட்டுப் படிவங்கள் முழுமையாகப் பிழைத்திருக்கின்றன, அயர்லாந்து தேசிய ஆவணக் காப்பகம் அவற்றைக் கட்டணமின்றி இணையத்தில் வைத்திருக்கிறது. டைட்டானிக் புறப்பட்டதற்கு ஏறக்குறைய சரியாக ஓராண்டு முன்பு. யார் யார் அந்த வீட்டில் இருந்தார்கள், எழுதப் படிக்கத் தெரியுமா, ஐரிஷ் மொழி பேசினார்களா, என்ன தொழில் என்பதெல்லாம் குடும்பத் தலைவர் நிரப்பிய படிவத்தில் இருக்கும். மணமான பெண்களிடம், பிறந்த பிள்ளைகள் எத்தனை பேர், அவர்களில் உயிரோடு இருப்பவர்கள் எத்தனை பேர் என்றும் அந்த ஆண்டு கேட்டார்கள். உயிரோடு இருப்பவர்களின் எண்ணிக்கைக்கும் வீட்டில் இருப்பவர்களின் எண்ணிக்கைக்கும் உள்ள வேறுபாட்டைக் கவனியுங்கள். வீட்டை விட்டு வெளியேறியவர்கள் அந்த இடைவெளியில்தான் இருக்கிறார்கள், அவர்களில் அமெரிக்கா போனவர்களும் அடக்கம். 1901 கணக்கெடுப்பும் இருப்பதால், பர்க்கை எட்டு வயதுச் சிறுவனாகவும் பதினெட்டு வயது இளைஞராகவும் இரண்டு முறை பார்க்க வழியுண்டு.

பயணத்துக்கு வந்தால், பிரிட்டனிலிருந்தும் அன்று பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த அயர்லாந்திலிருந்தும் வெளியேறிய பயணிகளின் பட்டியல்கள் லண்டன் தேசியக் காப்பகத்தில் பி.டி. 27 என்ற தொகுப்பில் உள்ளன. கடலில் நேர்ந்த இறப்புகளின் பதிவேடு பி.டி. 334. பர்க்கின் சீட்டு எண் 365222, நோராவினுடையது 365226. கட்டணம் தலைக்கு 6 பவுண்டு 15 ஷில்லிங். எண்கள் நெருங்கி இருப்பதைப் பார்த்தால் சேர்த்தோ சிறு இடைவெளியிலோ வாங்கியிருப்பார்கள் என்று ஊகிக்கலாம். அமெரிக்காவில் இருக்கும் அண்ணனோ அக்காவோ முன்பணம் கட்டி அனுப்பும் சீட்டுகள் அக்காலத்தில் மிகுதி. இவர்களுடையது அப்படிப்பட்டதா என்பது இந்த எண்ணிலிருந்து தெரியாது. எனவே அக்கா சீட்டு அனுப்பினார் என்று எழுதிவிடாதீர்கள்.

இறங்குதுறைப் பட்டியலை மட்டும் தேட வேண்டாம். அமெரிக்கக் குடியேற்ற அதிகாரிகளுக்காக ஒவ்வொருவரிடமும் கேட்டு நிரப்பப்பட்ட அந்த நீண்ட பட்டியலில் உயரம், கண்ணின் நிறம், கையில் உள்ள பணம், சொந்த ஊரில் உள்ள நெருங்கிய உறவினரின் பெயர், போய்ச் சேரும் முகவரி, பயணச் செலவைக் கொடுத்தவர் யார் என்பது வரை இருக்கும். பிழைத்தவர்கள், தங்களை மீட்டு நியூயார்க் கொண்டுசென்ற கார்பேத்தியா கப்பலின் பட்டியலில் அவ்வாறு இடம்பெற்றார்கள். இறந்தவர்களுக்கு அப்படியொரு பக்கம் நம்மிடம் இல்லை. நம் இளைஞர் எவ்வளவு உயரம் என்று கூட நம்மால் சொல்ல முடியாமல் போனதற்கு அதுவே காரணம்.

குப்பியைப் பற்றி ஒன்று. மேலே இருவரும் அதன் உண்மைத்தன்மையைப் பற்றிப் பேசினார்கள். அது ஏன் இவ்வளவு அரிதாகக் கருதப்படுகிறது என்பதையும் சொல்லியாக வேண்டும். சௌதாம்ப்டனிலும் பிரான்சின் செர்பூரிலும் ஏறியவர்கள் வழியில் எழுதிய கடிதங்களைக் குயின்ஸ்டவுனில் இறக்கி அனுப்ப முடிந்தது. அவற்றில் பல இன்றும் இருக்கின்றன. குயின்ஸ்டவுனில் இறங்கிய பாதிரியார் பிரான்சிஸ் பிரவுன் எடுத்த ஒளிப்படங்களும் அப்படித்தான் தப்பின. குயின்ஸ்டவுனிலேயே ஏறியவர்களுக்கு அடுத்த நிறுத்தம் நியூயார்க். கம்பியில்லாத் தந்தி இருந்தது. ஆனால் முதல் பத்துச் சொற்களுக்கே 12 ஷில்லிங் 6 பென்ஸ், அதாவது பர்க் கொடுத்த கட்டணத்தில் ஏறத்தாழ பதினொன்றில் ஒரு பங்கு. அதனால் அங்கே ஏறிய 123 பேரில் (113 பேர் மூன்றாம் வகுப்பு) இறந்தவர்களிடமிருந்து கப்பலுக்குள்ளிருந்து எழுதிய சொல் என்று எதுவும் கரைக்கு வர வழியே இல்லை, இந்தத் தாளைத் தவிர. பட்டறிவு அவர்கள் சொல்வதுபோல எச்சரிக்கையோடு எழுதுங்கள், ஆனால் விட்டுவிடாதீர்கள்.


கரையோரன்:

மூவருக்கும் நன்றி. டன்கெட்டில் துறைமுகத்தின் உட்புறத்தில் இருப்பது இவ்வளவு முக்கியம் என்று நான் எண்ணிப் பார்க்கவில்லை. இனிக் கட்டுரையில் குப்பியை ஒரு பத்தியோடு நிறுத்திக்கொண்டு, அன்றைய இரவைப் பற்றி விரிவாக எழுத நினைக்கிறேன். கப்பல் மோதியதிலிருந்து மூழ்கும் வரையிலான அந்த இரண்டரை மணி நேரத்துக்கும் மேலான பொழுதில் பர்க்கும் நோராவும் சேர்ந்து இருந்திருப்பார்களா? மூன்றாம் வகுப்பினரைக் கதவுகளைப் பூட்டி அடைத்து வைத்தார்கள் என்று எல்லா இடங்களிலும் படிக்கிறேன். அது நிறுவப்பட்ட செய்தியா?


மேல்தளம்:

சேர்ந்து இருந்தார்களா என்பதற்குச் சாட்சியம் இல்லை. கப்பலின் அமைப்பை வைத்து ஒன்று சொல்லலாம். மூன்றாம் வகுப்பில் தனியாகப் பயணம் செய்யும் ஆண்களுக்குக் கப்பலின் முன்பகுதியிலும், தனிப் பெண்களுக்கும் குடும்பங்களுக்கும் பின்பகுதியிலும் படுக்கை ஒதுக்குவது விதி. கப்பலின் நீளம் 269 மீட்டர். உறவினராக இருந்தாலும் 19 வயது ஆணும் 18 வயதுப் பெண்ணும் ஏறக்குறைய இரு முனைகளில் உறங்கியிருப்பார்கள். இரண்டு முனைகளையும் இணைத்தது ஈ தளத்தில் ஓடிய நீண்ட நடைவழி ஒன்று. பணியாளர்கள் அதை "ஸ்காட்லாந்து ரோடு" என்று அழைத்தார்கள். மோதியபின் முன்பகுதியிலிருந்த ஆண்கள் மூட்டைகளைத் தூக்கிக்கொண்டு அவ்வழியாகப் பின்னோக்கி நடந்ததைப் பலர் பார்த்திருக்கிறார்கள். பர்க் அந்தக் கூட்டத்தில் இருந்திருந்தால் நோராவைத் தேடிப் போகும் வழியும் அதுதான். "இருந்திருந்தால்" என்ற சொல்லைக் கட்டுரையிலும் விட்டுவிடாதீர்கள்.

முன்பகுதி ஆண்களுக்கு ஒரு வகையில் முன்னறிவிப்பு கிடைத்தது. தண்ணீர் முதலில் அவர்கள் அறைகளுக்குத்தான் வந்தது. அதே கார்க் மாவட்டத்து இளைஞர் டேனியல் பக்லி அமெரிக்க செனட் விசாரணையில் சொன்னது இதற்கு நல்ல சான்று. விழித்தெழுந்து தரையில் கால் வைத்தபோது ஈரமாக இருந்தது என்றும், அறையிலிருந்த மற்றவர்களை எழுப்பியபோது அவர்கள் சிரித்துக்கொண்டு, "போய்ப் படு, நீ இப்போது அயர்லாந்தில் இல்லை" என்றார்கள் என்றும் அவர் சாட்சி சொன்னார். மேல்தளத்துக்குப் போகும் வழியில் ஒரு சிறு கதவு இருந்ததையும், தம் முன்னால் ஏறிய ஒருவரைக் கப்பல் பணியாள் கீழே தள்ளிக் கதவைப் பூட்டியதையும், பயணிகள் அதை உடைத்துக்கொண்டு மேலே போனதையும் அவரே கூறினார். பக்லி ஒரு படகில் ஏறித் தப்பினார். பெண் ஒருவர் தம் சால்வையை அவர்மேல் போர்த்தி மறைத்ததாகச் சொன்னார். 1918இல் முதல் உலகப் போரில் அமெரிக்கப் படையில் இருந்தபோது இறந்தார்.

ஆகவே பூட்டிய கதவு என்பது வெறும் கற்பனை அன்று. அதே வேளையில், தரையிலிருந்து கூரை வரை இரும்புக் கம்பிக் கதவுகள் கப்பல் முழுவதும் பூட்டப்பட்டிருந்தன என்ற திரைப்படக் காட்சியையும் அப்படியே எடுத்துக்கொள்ளக் கூடாது. தொற்றுநோய் அச்சத்தால் மூன்றாம் வகுப்புப் பயணிகளைப் பிறரிடமிருந்து பிரித்து வைக்க வேண்டும் என்பது அமெரிக்கக் குடியேற்ற விதிகளின் எதிர்பார்ப்பு. தடுப்புகள் அதற்காக இருந்தவை. அன்றிரவு அவற்றைத் திறக்கச் சொல்லி முழுக் கப்பலுக்கும் ஒரே நேரத்தில் கட்டளை போகவில்லை. என் பார்வையில் பூட்டைவிடக் கொடியது அதுதான். படகுகள் இருந்த தளத்துக்கு மூன்றாம் வகுப்பிலிருந்து நேரான வழி கிடையாது. ஆங்கிலம் தெரியாத நூற்றுக்கணக்கானோர் இருந்தார்கள். வழிகாட்ட ஆள் இல்லை. ஜான் ஹார்ட் என்ற மூன்றாம் வகுப்புப் பணியாளர் இரண்டு முறை பெண்களையும் குழந்தைகளையும் கூட்டமாக மேலே அழைத்துச் சென்றார் என்பது அவரே தந்த சாட்சியம். அவ்வாறு முனைந்து செய்தவர்கள் மிகச் சிலர்.

மெர்சி பிரபு தலைமையிலான பிரிட்டிஷ் விசாரணை 1912 ஜூலை 30 அறிக்கையில், மூன்றாம் வகுப்பினர் பாரபட்சமாக நடத்தப்படவில்லை என்று முடிவு கூறியது. அவர்களுக்காக வாதாடிய வழக்கறிஞர் ஹார்பின்சனும், அவர்களைத் தடுத்து வைத்ததாகச் சான்று எதுவும் வரவில்லை என்றே சொன்னார். வராததில் வியப்பென்ன? அந்த விசாரணையில் ஒரு மூன்றாம் வகுப்புப் பயணிகூடச் சாட்சியாக அழைக்கப்படவில்லை. அமெரிக்காவில் பக்லி உட்பட மூவர் அழைக்கப்பட்டார்கள்.

அதே அறிக்கையின் எண்கள் இவை. மூன்றாம் வகுப்பு ஆண்கள் 462 பேரில் 75 பேரும், பெண்கள் 165 பேரில் 76 பேரும் பிழைத்தனர். முதல் வகுப்புப் பெண்கள் 144 பேரில் 140 பேர். இதைப் பார்த்ததும் வகுப்புதான் எல்லாவற்றையும் தீர்மானித்தது என்று எழுதத் தோன்றும். கொஞ்சம் பொறுங்கள்: இரண்டாம் வகுப்பு ஆண்கள் 168 பேரில் 14 பேரே பிழைத்தார்கள், மூன்றாம் வகுப்பு ஆண்களைவிட மோசமான விகிதம். பெண்களும் குழந்தைகளும் முதலில் என்ற கட்டளையை இடப்பக்கப் படகுகளில் அதிகாரிகள் மிகக் கடுமையாகப் பின்பற்றினார்கள். ஆகவே 19 வயது ஆண் என்பதே பர்க்குக்கு எதிராக இருந்தது. வகுப்பு அதன்மேல் ஏறிய சுமை. நோராவுக்கு நேர்மாறு. பெண் என்பதால் அவருக்குப் படகில் இடம் கிடைத்திருக்க வேண்டும். வகுப்புதான் அதைப் பறித்தது. அயர்லாந்தின் மாயோ மாவட்டத்தில் ஆடர்கூல் என்ற தேவாலயப் பங்கிலிருந்து ஒன்றாகப் புறப்பட்ட 14 பேரில் 11 பேர் இறந்தார்கள். பிழைத்த மூவரும் பெண்கள். இருவரையும் ஒரே காரணத்தால் இறந்தவர்களாக எழுதிவிட்டால் உங்கள் கட்டுரையில் இந்த வேறுபாடு காணாமல் போகும்.


ஏடு தேடி:

மேல்தளம் அவர்கள் எழுதியதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். உடல்களைப் பற்றிக் கரையோரன் கேட்கவில்லை. ஆனால் கட்டுரை படிப்பவர்கள் கேட்பார்கள். நான்கு கப்பல்கள் சேர்ந்து மீட்ட உடல்கள் 328. மக்கே-பென்னட் கப்பல் மட்டும் 306 உடல்களை எடுத்து, அவற்றில் 116ஐக் கடலிலேயே அடக்கம் செய்தது. பதப்படுத்தும் மருந்து போதவில்லை என்றானபோது, முதல் வகுப்பினர் சவப்பெட்டிகளில் கனடாவின் ஹாலிஃபாக்ஸ் துறைமுகத்துக்குப் போய்ச் சேர, கடலில் இறக்கப்பட்டவர்களில் பெரும்பாலோர் மூன்றாம் வகுப்பினரும் கப்பல் பணியாளர்களுமாக இருந்தனர். அடையாளம் தெரிந்தவர்களுள் பர்க்கும் இல்லை, நோராவும் இல்லை.


வழக்குரை:

தாமதமாக வருகிறேன். பெற்றோர்கள் என்ன செய்ய முடிந்தது என்பதை யாரும் தொடவில்லை. இதே வகுப்பில் இதே துறைமுகத்தில் ஏறிய இன்னொரு அயர்லாந்து இளைஞரின் தந்தை நடத்திய வழக்கு உங்களுக்கு உதவும்.

லிமரிக் மாவட்டத்து விவசாயி தாமஸ் ரயன், தம் மகன் பேட்ரிக்கை இழந்ததற்காக, டைட்டானிக்கை இயக்கிய ஒயிட் ஸ்டார் லைனின் உரிமையாளரான ஓஷியானிக் ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனி மீது லண்டனில் வழக்குத் தொடுத்தார். 1913இல் நீதிபதி பெயில்ஹாஷ் முன் ஜூரிகளோடு விசாரணை நடந்தது. பணியாளரின் கவனக்குறைவால் நேரும் இழப்புக்கும் நிறுவனம் பொறுப்பாகாது என்று பயணச்சீட்டில் அச்சிட்டிருப்பதை நிறுவனம் எடுத்துக் காட்டியது. ஆனால் மூன்றாம் வகுப்புப் பயணியின் சீட்டு எப்படி இருக்க வேண்டும் என்பதைச் சட்டம் வரையறுத்திருந்தது. வர்த்தக வாரியம் என்ற பிரிட்டிஷ் அரசுத் துறையின் ஒப்புதல் பெறாத நிபந்தனையை அதில் சேர்க்க முடியாது. அந்த ஒப்புதல் பெறப்படவில்லை. ஆக, மற்ற எல்லா இடத்திலும் கடைசியில் நிறுத்தப்பட்ட இந்தப் பயணிகளுக்கு, குடிபெயர்வோரைக் காக்க இயற்றப்பட்ட அந்த ஒரு விதி மட்டும் நீதிமன்றத்தில் துணை நின்றது. கண்காணிப்பில் குறை இல்லை, ஆனால் பனிக்கட்டிகள் இருக்கும் கடலில் அந்த வேகத்தில் ஓட்டியது கவனக்குறைவு என்று ஜூரிகள் கூறினர். 1914இல் மேல்முறையீட்டிலும் தீர்ப்பு நிலைத்தது.

இதை அமெரிக்காவில் தொடர்ந்த வழக்குகளோடு ஒப்பிட்டுப் பாருங்கள். அங்கே கப்பல் உரிமையாளரின் பொறுப்பு, விபத்துக்குப் பின் எஞ்சிய சொத்தின் மதிப்போடு நின்றுவிடும். மீட்கப்பட்ட உயிர்காப்புப் படகுகளும் பயணக் கட்டண வருவாயும் சேர்ந்து ஒரு லட்சம் டாலருக்கும் குறைவு. கோடிக்கணக்கான டாலர் கேட்டவர்களுக்கு இறுதியில் 6,64,000 டாலரில் உடன்பாடு செய்யப்பட்டது. ரயனுக்கு லண்டன் நீதிமன்றம் தந்தது 100 பவுண்டு.

நிறுவனம் கவனக்குறைவாக நடந்தது என்று ஒரு நீதிமன்றம் சொன்ன அந்த வழக்கு, பர்க்கைப் போலவே மூன்றாம் வகுப்புச் சீட்டு வாங்கிய ஒருவரின் தந்தை தொடுத்தது. கட்டுரையில் குப்பிக்கு ஒரு பத்தி ஒதுக்குவதாகச் சொன்னீர்கள். இதற்கு இரண்டு ஒதுக்குங்கள்.